டெல்லி கணேஷ்: நம்ம தோட்டத்து ஆளுங்களுக்கு எந்த வேஷம் ஞாபகம்?

மண்வாசனை_சிப்பூட் (இழை தொடக்கம்)

அவர் இறந்தது 2024 நவம்பர் 9. அன்னைக்கு நம்ம வாட்ஸ்அப் குழுவுல எல்லாரும் படத்தைப் போட்டு "ஆழ்ந்த இரங்கல்"னு எழுதினோம். மறுநாளே செம்பனை விலைக்கும் பாலம் ரிப்பேருக்கும் போயிட்டோம். ரஜினி, கமல், சிவாஜின்னு இந்தப் பகுதியில முப்பது நாப்பது இழை ஓடுது. டெல்லி கணேஷுக்கு ஒண்ணுகூட இல்லை. அதான் ஆரம்பிக்கிறேன்.

தெரியாத தம்பிங்களுக்கு: 1944-ல தூத்துக்குடிப் பக்கம் வல்லநாட்டுல பிறந்தவர். 1964-ல இந்திய விமானப்படையில சேர்ந்து பத்து வருஷம் வேலை பார்த்தார். டெல்லியில தட்சிண பாரத நாடக சபான்னு தமிழ் நாடகக் குழு ஒண்ணு, அதுல நடிச்சிருக்கார். பேருக்கு முன்னால டெல்லி வந்த கதை அதுதான், வெச்சது கே. பாலசந்தர். விசு எழுதின "பட்டினப் பிரவேசம்" நாடகத்தை பாலசந்தர் 1977-ல படமா எடுத்தப்போ இவர் சினிமாவுக்கு வந்தார். கடைசி வருஷம் "இந்தியன் 2" வரைக்கும் நடிச்சார். 400 படத்துக்கு மேல, அதோட சன் டிவி சீரியலுங்க, குறும்படங்க. 1994-ல கலைமாமணி கொடுத்தாங்க.

இந்த விவரமெல்லாம் எங்கேயும் கிடைக்கும். நான் கேட்கிறது வேற. மலேசியாவுல, சுங்கை சிப்பூட் சுத்துவட்டாரத்துல, லயத்து வீட்டுல (தோட்டத் தொழிலாளிங்களோட வரிசை வீட்டுல) வளர்ந்த நமக்கு இவர் யாரு? எங்க வீட்டுல "டெல்லி கணேஷ்"னு யாரும் சொன்னதே இல்லை. "அந்த மிருதங்கக்காரர்", "அந்தச் சமையக்கார ஐயர்"னுதான் பேரு. உங்க வீட்டுல எப்படி?

---

ஈப்போ_ரவி

நல்ல நடிகர்தான், அதுல சண்டை இல்லை. ஆனா செத்தவுடனே எல்லாரையும் மாமேதை ஆக்கிடுறோமே, அதுலதான் எனக்கு உடன்பாடு இல்லை.

"நாயகன்" படத்துல ஐயர். "மைக்கேல் மதன காமராஜன்"ல ஐயர். "அவ்வை சண்முகி"யில ஐயர். "ஆஹா"வுல மறுபடியும் சமையல்காரர். ஒரே பூணூலைத் திருப்பித் திருப்பிப் போட்டா அது நடிப்பா, இல்ல டைரக்டருக்கு வேலை மிச்சமா? வி. கே. ராமசாமி 1947-ல "நாம் இருவர்" வந்தப்போ இருபதைத் தாண்டின வயசு, கிழவன் வேஷம் போட்டு ஊரையே நம்ப வெச்சார். மனோரமா ஆச்சி ஆயிரம் படத்துக்கு மேல, வேலைக்காரியிலிருந்து ஜில்ஜில் வரைக்கும் பண்ணாங்க. அந்த வரிசையில இவரை வெக்க முடியுமா?

இன்னொண்ணு. தீம்பார்ல, அதாவது தோட்டத்துல, பொறந்து வளர்ந்த நமக்கு அந்த அக்கிரகாரத்துப் பேச்சோட என்ன ஒட்டு?

---

சாலாக்_மீனா

ரவி அண்ணே, காலையிலேயே ஆரம்பிச்சிட்டீங்களா. நான் வேலை முடிஞ்சு வந்து எழுதுறேன். விடமாட்டேன்.

---

பால்மரத்தடி

ரவி தம்பி, "பசி" பார்த்தீங்களா? பார்த்திருந்தா அந்தக் கடைசிக் கேள்வியை எழுதியிருக்க மாட்டீங்க.

எங்க தோட்டத்துல கோயில் திருவிழான்னா திடல்ல வெள்ளைத் துணி கட்டிப் படம் போடுவாங்க. ஜெனரேட்டர் கரண்டு. கிராணி (தோட்டத்துக் கணக்குப்பிள்ளை) மனசு வெச்சா கூட ஒரு மணி நேரம் ஓடும், இல்லாட்டி கிளைமாக்ஸுக்கு முன்னாலேயே இருட்டு. அப்படி வந்த படம் "பசி". துரை எடுத்தது, 1979. எம்ஜிஆர் படம் வரும்னு ஆசையா உக்காந்திருந்த கூட்டம் முதல்ல முணுமுணுத்துச்சு. பாட்டு எங்கேன்னு கேட்டுச்சு. அப்புறம் கொஞ்சம் கொஞ்சமா சத்தம் அடங்கிடுச்சு.

மெட்ராஸ் குப்பத்துல ஒரு குடும்பம். மக குப்பம்மா, தெருவுல காகிதம் பொறுக்குற பொண்ணு, அது ஷோபா. அப்பன் முனியாண்டி ரிக்‌ஷா இழுக்கிறவன், அதுதான் டெல்லி கணேஷ். வீடு நிறைய பிள்ளைங்க, வயித்துக்குப் பத்தாது. எங்க லயத்துல அந்தக் கதை எத்தனை வாசல்ல நடந்துச்சுன்னு நான் சொல்லத் தேவையில்லை. விடியக்காலையில பெரட்டுக்கு (ஆள்கணக்கு எடுக்கிற வரிசைக்கு) நின்னு, மழை பேஞ்சா பாதி நாள் கூலியும் போய், கடையில பத்து எழுதிட்டு வர்ற அப்பனைப் பார்த்து வளர்ந்தவங்க நாங்க. திரையில இருந்தவனும் அதே மாதிரிதான் வீட்டுக்குள்ள நுழைஞ்சான். கோபத்தை வெளியில காட்ட முடியாது, வீட்டுல காட்டினா சின்னப்புள்ளைங்க மேலதான் விழும், அதனால அதை முழுங்கிக்கிட்டு நிக்கிற ஒரு ஆம்பளை.

படம் முடிஞ்சதும் எங்கம்மா கேட்டாங்க: "அந்த ரிக்‌ஷாக்காரரை எங்கேருந்துப்பா பிடிச்சாங்க?" நடிகர்னே அவங்களுக்குத் தோணலை. இதுக்கு மேல என்னா பாராட்டு வேணும்.

தமிழ்நாடு அரசு அந்தப் படத்துக்காக அவருக்குச் சிறப்புப் பரிசு கொடுத்துச்சு. ஷோபாவுக்குத் தேசிய விருது. பாவம், 1980 மே மாசமே அந்தப் பொண்ணு போயிடுச்சு.

(இதை டைப் பண்றது என் மக. ஏதாவது எழுத்துப்பிழை இருந்தா அவளைத் திட்டுங்க.)

---

மண்வாசனை_சிப்பூட்

ஐயா, இதுக்குத்தான் இந்த இழை. நன்றி.

ஒரு கணக்கு சேர்த்துக்கிறேன். ஷோபா பிறந்தது 1962. டெல்லி கணேஷ் 1944. பதினெட்டு வருஷந்தான் வித்தியாசம். வளர்ந்த பொண்ணுக்கு அப்பனா நடிச்சப்போ அவருக்கு வயசு 35. சினிமாவுக்கு வந்து ரெண்டே வருஷம். ரவி சொன்ன வி.கே.ஆர். கணக்கை இவருக்கும் போட்டுப் பார்க்கலாம். அதுவும் நரைமுடி ஒட்டிச் சிரிக்க வெச்ச கிழவன் இல்லை, நடுவயசு அப்பன். அது இன்னும் கஷ்டம்.

---

நெல்லைப்பேரன்

எங்க தாத்தா கப்பல் ஏறினது நெல்லைப் பக்கத்திலிருந்து. அதனால வல்லநாடுன்னா எனக்குக் காது நீளும். திருநெல்வேலி–தூத்துக்குடி ரோட்டுல இருக்கிற ஊர், வெளிமான் சரணாலயம்கூட உண்டு. போன தடவை ஊருக்குப் போனப்போ பஸ் அந்த வழியாத்தான் போச்சு.

நான் சொல்ல வந்தது பேச்சு. பொறந்தது நெல்லைச் சீமை. நாடகம் பழகினது டெல்லியில. "பசி"யில மெட்ராஸ் பாஷை. "மைக்கேல் மதன காமராஜன்"ல பாலக்காட்டுத் தமிழ். இதுல எதுவும் அவர் வீட்டுப் பேச்சு இல்லை. பாலக்காட்டுத் தமிழை மிமிக்ரி பண்றவன் ஒவ்வொரு வார்த்தையையும் இழுப்பான், சிரிப்பு வரணும்னு. அந்தப் படத்துல இவர் போட்ட மணி ஐயர் அப்படி இழுக்கலை. பேசிட்டே வேலையைப் பார்ப்பார். அவருக்கு அது சாதாரணப் பேச்சு, சிரிக்கிறது நம்ம வேலை.

குரலுக்கு இன்னொரு சாட்சி. "47 நாட்கள்" 1981-ல வந்துச்சு, பாலசந்தர் படம். அதுல சிரஞ்சீவிக்குத் தமிழ்க்குரல் டெல்லி கணேஷ். பொண்டாட்டியை ஏமாத்தி வெளிநாட்டுக்குக் கூட்டிட்டுப் போற கிராதகன் வேஷம். முகம் தெரியாம, குரல் மட்டும் கொடுத்து, அந்த ஆளைப் பார்த்தாலே எரிச்சல் வர வெச்சார். ரவி அண்ணே, இதுல பூணூல் எங்கே?

---

ஈப்போ_ரவி

சரி சரி, "பசி" நான் பார்க்கலை. 47 நாட்கள் குரல் விஷயமும் புதுசு. ஒத்துக்கிறேன்.

ஆனா மீதிக்கு வாங்க. கமல் இல்லாட்டி இவருக்கு நீங்க சொல்ற அந்தப் பேரு கிடைச்சிருக்குமா? நாம ஞாபகம் வெச்சிருக்கிற வேஷத்துல முக்கால்வாசி கமல் படம். கூட்டாளி இருந்தா வாய்ப்பு, அவ்வளவுதான்.

---

மேடைப்பித்தன்

நான் கொஞ்சம் நீளமா எழுதப் போறேன், பொறுத்துக்குங்க. பள்ளிக்கூட மேடை, கோயில் மேடை, அப்புறம் அங்காசாபுரியில ஆர்டிஎம் (அரசாங்க டிவி) நாடகங்கள்ல சின்னச் சின்ன வேஷம். பெரிய நடிகன்னு சொல்லிக்க ஒண்ணும் இல்லை. ஆனா இந்தத் தொழில்ல நிக்கிறது எப்படின்னு கொஞ்சம் தெரியும்.

ஸ்டூடியோவுல மூணு கேமரா இருக்கும். எது ஓடுதோ அது மேல சிவப்பு விளக்கு எரியும். புது ஆளு என்ன பண்ணுவான்? தன் பக்கத்துக் கேமராவுல விளக்கு எரிஞ்சா நடிப்பான், அணைஞ்சா அடுத்த வசனத்தை மனசுக்குள்ள ஓட்டுவான். பார்த்தாலே தெரியும், கண்ணு செத்துப் போயிருக்கும். எதிர்ல இருக்கிறவன் அழுதுட்டே பேசுவான், இவன் முகம் பஸ்ஸுக்கு நிக்கிறவன் முகமாட்டம் இருக்கும். நானும் அப்படி நின்னவன்தான். குணச்சித்திர நடிகனோட முக்கால்வாசி வேலை பேசாம இருக்கிற நேரத்துல. அடுத்தவன் சொல்றதை முதல் தடவை கேக்கிற மாதிரி கேக்கணும். எட்டாவது டேக்கிலும் முதல் தடவைதான்.

இப்ப "சிந்து பைரவி", 1985. ஜே.கே.பி. சிவகுமார், பெரிய பாடகர். டெல்லி கணேஷ் மிருதங்கம், பேரு குருமூர்த்தி. கச்சேரிக்குக் குடிச்சிட்டு வந்துடுவார். ஜே.கே.பி. அவரை மேடையிலேருந்து அனுப்பிட்டு மிருதங்கம் இல்லாமலேயே பாடி முடிப்பார். எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். ஆனா அந்தக் காட்சிக்குப் படத்துல என்ன வேலைன்னு யோசிச்சீங்களா? பின்னாடி அதே ஜே.கே.பி. குடியில விழுந்து தெருவுக்கு வரப்போறார். குருமூர்த்தியோட அந்தத் தலைகுனிவுதான் முன்பணம். குடிகாரன்னா நம்ம சினிமாவுல வழக்கம் என்ன? தள்ளாடணும், நாக்கு குழறணும், ஜனம் சிரிக்கணும். டெல்லி கணேஷ் அங்கே சிரிப்பு காட்டியிருந்தா தியேட்டர்ல கைத்தட்டு கிடைச்சிருக்கும், படத்தோட பின்பாதி படுத்திருக்கும். அவர் அந்தக் கைத்தட்டை வாங்கலை. வெக்கத்தை மட்டும் காட்டினார். இவ்வளவு பெரிய மனுஷன் முன்னால, இத்தனை வருஷம் வாசிச்ச கையோட இப்படி நிக்கிறோமேங்கிற வெக்கம்.

அந்தப் படத்துக்குத் தேசிய விருது சுஹாசினிக்கு, இளையராஜாவுக்கு, "பாடறியேன்" பாடின சித்ராவுக்கு. மூணு பேரும் தகுதியானவங்க. குருமூர்த்திக்கு ஒண்ணும் இல்லை, அவரும் எதிர்பார்த்திருக்க மாட்டார்.

கமல் விஷயம். ரவி, கூட்டாளின்னா ஒரே வேஷத்தைத் திரும்பத் திரும்பக் கொடுப்பாங்க. இங்கே வரிசையைப் பாருங்க. 1987 "நாயகன்", கமல் கூடவே நிக்கிற விசுவாசி. 1989 "அபூர்வ சகோதரர்கள்", கமலோட அப்பனைக் கொன்ன நாலு பேர்ல ஒருத்தர், பிரான்சிஸ் அன்பரசு. 1990 "மைக்கேல் மதன காமராஜன்", கமலை எடுத்து வளர்த்த அப்பா. நாலே வருஷத்துக்குள்ள கையாள், எதிரி, அப்பா! 2000-ல "தெனாலி" வரும்போது பஞ்சபூதம்னு பொறாமை பிடிச்ச டாக்டர், தெனாலியை இன்னொரு டாக்டர் தலையில கட்டிவிடுற ஆளு. ஒரே முகம்தான், பெரிய ஒப்பனைகூட இல்லை. ஜனம் குழம்பலையே? "போன படத்துல வில்லன் ஆச்சே, இப்ப எப்படி அப்பன்?"னு யாராவது கேட்டாங்களா?

---

மண்வாசனை_சிப்பூட்

கமல் பிறந்தது 1954. வளர்ப்பு அப்பனுக்கும் பிள்ளைக்கும் பத்து வயசுதான். நான் இதுவரைக்கும் கணக்குப் போட்டுப் பார்க்கவே இல்லை.

---

டிவிடி_தம்பி

அங்கிள், நான் சின்னப்பையன், குறுக்க பேசுறதுக்கு மன்னிச்சுக்குங்க. எனக்கு அவரை யூடியூப் குறும்படங்கள்லதான் தெரியும், அப்புறம் "மைக்கேல் மதன காமராஜன்"ல சாம்பார்ல மீன் விழுற அந்த சீன் மீம்ஸ். ஒரு கேள்வி. அவர் ஒரு படத்துலயாவது ஹீரோவா நடிச்சிருக்காரா?

---

நெல்லைப்பேரன்

நடிச்சிருக்கார் தம்பி. "எங்கம்மா மகாராணி", 1981. ஓடலை. திரும்பவும் தன் இடத்துக்கே வந்துட்டார். அதைப் பத்தி அழுதுட்டே திரியலை, அதுவும் ஒரு குணம்.

---

சாலாக்_மீனா

வந்துட்டேன். சாமான் கழுவி முடிச்சாச்சு.

ஆம்பளைங்க எல்லாரும் படத்தையே பேசுறீங்க. டிவியை ஒருத்தரும் தொடலை. மண்வாசனை அண்ணன் முதல் பதிவுல "சன் டிவி சீரியலுங்க"ன்னு மூணே வார்த்தையில தாண்டிட்டீங்க. இதைத்தான் நான் கண்டிக்கிறேன்.

ஆஸ்ட்ரோ சாட்டிலைட் டிவி வந்தது 1996. எங்க தாமான்ல (குடியிருப்புல) கூரை மேல அந்த வட்டத் தட்டு முளைச்சதும் சாயங்கால நேரம் மாறிப்போச்சு. அதுக்கு முன்னால ஆர்டிஎம்-ல தமிழ்ப்படம் வர்ற நாளுக்குக் காத்திருக்கணும், இல்லாட்டி டவுன்ல வீடியோ டேப்பு வாடகைக்கு எடுக்கணும். டேப்பு தேஞ்சுபோய் மழை பேயுற மாதிரி கோடு கோடா வரும். அப்புறம் சீரியல் காலம். "கஸ்தூரி", "செல்லமே" ரெண்டுலயும் டெல்லி கணேஷ் இருந்தார். "கஸ்தூரி" 2006-லேருந்து 2012 வரைக்கும் ஓடுச்சு. எங்க மாமியாருக்கு அப்ப கண்ணு மங்கல். படத்தைச் சரியாப் பார்க்க முடியாது. அடுப்படிக்கும் ஹாலுக்கும் நடுவுல நாற்காலி போட்டுக் கேட்டுட்டே இருப்பாங்க. "பெரியவர் பேசுறார், சத்தத்தைக் கூட்டு"ன்னு சொல்வாங்க. மத்தவங்க எல்லாரும் கத்துவாங்க, பின்னணி இசை வேற மூணு தடவை இடிக்கும், கேமரா ஒவ்வொருத்தர் மூஞ்சிக்கா ஓடும். இவர் மட்டும் வீட்டுல பேசுற சத்தத்துல பேசுவார். கண்ணு தெரியாதவங்களுக்கு அந்த வித்தியாசம் நம்மளைவிட நல்லாத் தெரியும்.

சீரியல்ல வசனம் பக்கம் பக்கமா இருக்கும், எடுக்கிற வேகம் அப்படி. நாளைக்குப் போட வேண்டியதை இன்னைக்கு எடுக்கிற தொழில். அதுல நல்லா நடிக்கணும்னு எந்தக் கட்டாயமும் இல்லை, யாரும் விமர்சனம் எழுதப்போறதில்லை. அப்படியும் ஒழுங்கா நடிச்ச ஆளு. ரவி அண்ணே, உங்க தராசுல இதையும் வைங்க.

---

ஈப்போ_ரவி

மீனா, உங்க மாமியார் சாட்சிக்கு எதிரா நான் வாதாட மாட்டேன். உசிரு முக்கியம்.

ஆனா என் அடிப்படைக் கேள்வி நிக்குது. பிராமண வேஷம்தானே அதிகம்? மத்தவங்களுக்கு அந்த மாதிரி வாய்ப்பு வந்துச்சா? சினிமாவுல யாரு யாருக்குக் கதவு திறந்தாங்கன்னு பேசணும்ல? அதாவது அந்தக் காலத்துல

*[இந்தப் பதிவின் பிற்பகுதியும் அதற்கு வந்த நான்கு பதில்களும் நீக்கப்பட்டன. சினிமாவில் சாதி பற்றிப் பேசலாம், தனி இழை திறந்து பேசுங்கள். இங்கே ஒருவர் இன்னொருவர் குலத்தை இழுத்தால் ஒரு வாரம் தடை. – நெறியாளர்]*

---

பால்மரத்தடி

நெறியாளர் வெட்டினது சரிதான். ஆனா ரவி கேட்டதுல ஒரு பாதி நியாயம் இருக்கு, அதை நான் மரியாதையாவே சொல்றேன்.

அந்த வேஷங்கள்ல எங்களுக்கு ஒட்டினது ஜாதி இல்லை தம்பி, வேலை. மண்வாசனை முதல்லேயே சொன்னாரே, வீட்டுல மிருதங்கக்காரர், சமையக்காரர்னுதான் பேருன்னு. நாங்க மனுஷனைத் தொழிலை வெச்சுத்தான் கூப்பிடுவோம். தண்டல் வீடு, கிராணி வீடு, டிரைவர் வீடு, பிள்ளைங்களைப் பார்த்துக்கிற ஆயாக்கொட்டாய்ப் பாட்டி. பேரு பல பேருக்குத் தெரியவே தெரியாது. டெல்லி கணேஷ் எந்த வேஷத்துல வந்தாலும் அவருக்கு ஒரு தொழில் இருக்கும், அந்தத் தொழில்ல ரொம்ப வருஷம் கிடந்தவர் மாதிரி வருவார். சமையக்காரர்னா கல்யாண வீட்டுல நூறு பேருக்குப் பொறுப்பேத்தவனோட பதற்றம் தெரியும். சாம்பார்ல மீன் விழுந்த கூத்துக்கு எல்லாரும் சிரிக்கிறீங்க. நான் சிரிச்சேன், கூடவே வயித்தைக் கலக்குச்சு. அந்த மனுஷனுக்கு அது மானப்பிரச்சனை, தொழிலே போகுற விஷயம்.

நான் ரப்பர் மரத்துல பால் வெட்டினவன். படத்துல தோட்டத் தொழிலாளியா வர்றவன் உளியைப் பிடிக்கிறதைப் பார்த்தாலே இவன் மரத்தைத் தொட்டிருக்கானா இல்லையான்னு சொல்லிடுவேன். பட்டையில எவ்வளவு ஆழம் போகணும், மரத்தைக் காயப்படுத்தாம எங்கே நிறுத்தணும், அது கைக்குத்தான் தெரியும். பெரிய பெரிய ஸ்டாருங்களே அங்கே மாட்டிக்குவாங்க. வேலை செய்யுற சீன்னா பாட்டு போட்டு ஓட்டிடுவாங்க. இந்த மனுஷன் அப்படி மாட்டிக்கிட்டதா எனக்கு ஞாபகம் இல்லை.

---

மண்வாசனை_சிப்பூட்

ஐயா சொன்னதைப் படிச்சதும் இன்னொண்ணு தோணுது. பத்து வருஷம் விமானப்படையில இருந்தவர். கவர்மெண்டு வேலை, யூனிஃபார்ம், ஒழுங்கா மாசச் சம்பளம். 1974-ல அதை விட்டுட்டு வந்தப்போ அவருக்கு முப்பது வயசு. முதல் படம் வர இன்னும் மூணு வருஷம். நான் மட்டும் எங்கப்பாகிட்டப் போய் "ஜேகேஆர் (பொதுப்பணி இலாகா) வேலையை விட்டுட்டு நாடகத்துக்குப் போறேன்"னு சொல்லியிருந்தா விறகுக்கட்டையை எடுத்திருப்பார். அடிச்சு முடிச்ச பிறகுதான் என்னா நாடகம்னு கேட்டிருப்பார்.

அவர் இறந்தப்போ விமானப்படை ஆளுங்க வந்து மரியாதை செஞ்சாங்க. ஐம்பது வருஷத்துக்கு முன்னால விட்ட வேலை!

---

மேடைப்பித்தன்

விறகுக்கட்டைன்னதும் என் கதை ஞாபகம் வருது. எழுத வேணாம்னு பார்த்தேன், எழுதிடுறேன்.

நம்ம நாட்டுல இந்தத் தொழில்ல குணச்சித்திர நடிகனா 47 வருஷம் ஓட்ட முடியுமா? நான் கூட நடிச்ச ஆளுங்க எல்லாரும் பகல்ல வேற வேலை. பள்ளிக்கூட வாத்தியார், லாரி டிரைவர், இன்சூரன்ஸ் ஏஜெண்டு. சனி ஞாயிறுலதான் ஷூட்டிங். ஒரு தயாரிப்பாளர் (பேரு வேணாம்) எங்க நாலு பேருக்குக் காசு கொடுக்காம இழுத்து இழுத்து, கடைசியில போனையே எடுக்கலை. சண்டை போடப் போனா அடுத்த நாடகத்துக்குக் கூப்பிட மாட்டாங்கன்னு விட்டுட்டோம். சென்னையில இருக்கிற அளவு படம், நாடகம், சீரியல், டப்பிங் எல்லாம் ஒரே ஊர்ல இருந்தாத்தான் டெல்லி கணேஷ் மாதிரி ஒருத்தர் முழுநேரமா நிக்க முடியும். டப்பிங் இல்லாத மாசம் சீரியல், சீரியல் இல்லாத மாசம் மேடை. அந்த நாலு காலும் நமக்கு இல்லை.

"கபாலி" இங்கே எடுத்தப்போ நம்ம ஆளுங்க பல பேர் கூட்டத்துல நின்னாங்க, சிலருக்கு வசனமும் கிடைச்சுது. தோட்டத்துச் சனத்தோட கதையைச் சொல்ல வந்த படம், ஆனா முக்கியப் பாத்திரங்கள்ல பாதி விமானத்துல வந்துச்சு. வருத்தம் இல்லை, வியாபாரம் அப்படி. அதுக்கு முந்தின வருஷம் வந்த "ஜகாட்" வேற ரகம். தோட்டத்தை விட்டு வெளியேறின குடும்பம், நம்ம ஊர் நடிகர்கள், நம்ம பேச்சு. 2016 மலேசியத் திரைப்பட விழாவுல சிறந்த மலேசியப் படம்னு விருது வாங்குச்சு. அதுல அப்பனா வர்றவரைப் பாருங்க, சித்தப்பனுங்களைப் பாருங்க. ஒருத்தரும் ஸ்டார் இல்லை. ஒவ்வொருத்தரும் நம்ம பக்கத்து வீடு. இவங்களுக்கு வருஷத்துக்கு நாலு வேஷம் கிடைச்சா என்ன ஆவாங்கன்னு நினைச்சுப் பார்த்தா எரிச்சல்தான் வருது.

---

டிவிடி_தம்பி

"ஜகாட்" பார்த்திருக்கேன் அங்கிள். நான் தைப்பிங்ல ஃபிலிம் சம்பந்தமாப் படிக்கப் போற பையன். வீட்டுல இன்னும் சொல்லலை. விறகுக்கட்டை இப்ப கிடையாது, ஆனா அம்மா கையில செருப்பு இருக்கு.

---

சாலாக்_மீனா

தம்பி, முதல்ல அம்மாகிட்ட சொல்லு. அங்கிளுங்ககிட்ட சொல்லி ஒரு பிரயோஜனமும் இல்லை.

---

ஈப்போ_ரவி

நேத்து ராத்திரி உக்காந்து "பசி" பார்த்தேன். கலர் எல்லாம் மங்கிப்போன பிரிண்டு, சத்தமும் கரகரன்னு. இருந்தாலும் பார்த்தேன்.

முனியாண்டி விஷயத்துல ஐயா சொன்னது சரி. இனிமே "ஒரே வேஷம்"னு எழுத மாட்டேன். ஆனா மனோரமா வரிசைன்னு கேட்டா இன்னும் என் பதில் இல்லைதான். ஆச்சி தனியா நின்னு ஒரு படத்தைத் தூக்குவாங்க. இவர் அப்படித் தூக்குற ஆளு இல்லை.

---

மேடைப்பித்தன்

அதுக்கு ஒத்துக்கிறேன். அவர் தூக்க வந்தவர் இல்லை, தூக்குறவனுக்குத் தோள் கொடுக்க வந்தவர். பூர்ணம் விஸ்வநாதனும் அதே ரகம். அவரும் டெல்லிதான், ஆல் இந்தியா ரேடியோவுல செய்தி வாசிச்சவர். அவருக்கு ஒரு இழை யாராவது திறங்க, நான் வந்து அறுக்கிறேன்.

---

மண்வாசனை_சிப்பூட்

திறப்போம். அதுக்கு முன்னால ஒரு யோசனை. தீபாவளி விருந்துக்கு மண்டபம் எடுக்கிறோம்ல, சாப்பாட்டுக்கு அப்புறம் புரொஜெக்டர் போட்டு டெல்லி கணேஷ் படம் ஒண்ணு ஓட்டலாமா? நான் "பசி" சொல்றேன்.

---

சாலாக்_மீனா

தீபாவளி அன்னைக்கா "பசி"? பிள்ளைங்க முறுக்கைக் கடிச்சிட்டு ஷோபா அழுறதைப் பார்க்கணுமா? "மைக்கேல் மதன காமராஜன்" போடுங்க.

---

பால்மரத்தடி

மீனா சொல்றதுதான். "பசி"யை மே தினத்துக்கு வெச்சுக்குவோம்.

---

ஈப்போ_ரவி

மே தினம், நல்லது. அதுக்குள்ள நல்ல பிரிண்டு யார்கிட்டயாவது இருக்கான்னு தேடிப் பார்க்கிறேன். தீபாவளிக்குப் புரொஜெக்டர் நான் கொண்டு வர்றேன். சாம்பார் யாரு வெக்கிறீங்களோ, மூடி போட்டு வைங்க.